நான்கு உள்ளங்கை இடம்

மொன்றியலில் நவம்பர் பிறந்துவிட்டால் எங்கள் சனம் சந்திக்கிற இடமெல்லாம் ஒரே கேள்விதான்: "ரயர் மாத்திட்டீங்களோ?" கியூபெக்கில் டிசம்பர் 1 முதல் மார்ச் 15 வரை குளிர்கால ரயர் கட்டாயம். 2008இல் அந்தச் சட்டம் நடைமுறைக்கு வருவதற்கு முந்தைய குளிர்காலத்திலேயே நான் பட்டுத் தெளிந்துவிட்டேன்.

காசை மிச்சம் பிடிக்க ஸ்னோ ரயர் இரண்டை மட்டும் வாங்கி முன்சக்கரங்களுக்குப் போட்டிருந்தேன். எஞ்சின் சுற்றுவது முன்சக்கரத்தைத்தானே என்பது என் கணக்கு. ஒரு சனவரிக் காலை, நெடுஞ்சாலையிலிருந்து இறங்கும் வளைவில் மெல்லப் பிறேக்கை அழுத்தினேன். முன்பக்கம் பிடித்தது, பின்பக்கம் வழுக்கிக்கொண்டு முன்னுக்கு வந்தது. கார் அரைச்சுற்றுச் சுற்றிப் பனிக்குவியலில் சாய்ந்து, வந்த வழியைப் பார்த்தபடி நின்றது. பின்சீற்றில் இரண்டு வயது மகள் நித்திரை கலையவில்லை. அவளுடைய மூச்சு காதில் விழும்வரை ஸ்ரியரிங்கிலிருந்து என் கை கழலவில்லை.

கராஜ்கார அண்ணை ஏசவில்லை. பின் ரயரில் நகத்தால் அமத்தச் சொன்னார். கல்லு. முன் ரயரில் நகம் பதிந்தது.

"பனிக்கெண்டு நினைக்காதை தம்பி, இது குளிருக்கான ரயர்."

சாதாரண ரயரின் ரப்பர் 7 பாகைக்குக் கீழே இறுகத் தொடங்கிவிடும். குளிர்கால ரயரின் கலவை கடுங்குளிரிலும் இளக்கமாக இருக்கும். பிளேடால் கீறியதுபோல அதில் ஓடும் மெல்லிய வெட்டுகளின் விளிம்புகள் ஐஸைக் கவ்வும். ஒன்றரைத் தொன் வாகனம் வீதியைத் தொடுவது நான்கு உள்ளங்கை அளவு இடத்தில் மட்டும். நாலு சக்கரமும் இழுக்கிற பெரிய வாகனம் வைத்திருப்பவர்களுக்கும் இதையே சொல்வேன்: அது புறப்பட உதவும், நிற்க உதவாது.

அன்றிலிருந்து வாங்கினால் நான்காகத்தான். ரயரின் பக்கவாட்டில் மூன்று சிகர மலையும் உள்ளே பனிப்பூவும் கொண்ட குறி இருக்க வேண்டும். எம்+எஸ் என்ற எழுத்து மட்டும் போதாது. திகதி இலக்கத்தையும் பார்ப்பேன். 3823 என்றால் 2023இன் 38ஆம் வாரத்தில் செய்தது. பள்ளம் ஆழமாகத் தெரிந்தாலும் பழைய ரயரின் ரப்பர் காய்ந்திருக்கும்.

அந்த மகள் இப்போது ஒட்டாவாவில் படிக்கிறாள். "ஒன்ராறியோவில சட்டம் இல்லையப்பா," என்றாள் போன கிழமை வீட்டுக்கு வந்தபோது. உண்மைதான். போட்டால் காப்புறுதியில் கழிவு உண்டு, கட்டாயம் இல்லை. நான் வாதாடவில்லை. மறுநாள் விடியக்காலம் வாசலில் நின்ற அவளுடைய காருக்குப் பக்கத்தில் குந்தி, அவளையும் குந்தவைத்தேன்.

"நகத்தால அமத்திப் பார் பிள்ளை."