தகரக் கூரையின் கீழ் இருவகை எளிமை

ஹட்டனிலிருந்து டிக்கோயா, நோர்வுட் ஊடாக மஸ்கெலியா நோக்கிச் செல்லும் பாதையில் இருவகைக் கட்டடங்கள் பயணியின் கண்ணில் மீண்டும் மீண்டும் படும். ஒன்று, வரிசை வரிசையான சாளரங்களுடன் பல மாடிகளாக எழுந்து நிற்கும் தேயிலைத் தொழிற்சாலை. மற்றையது, மலைச்சரிவில் தாழ்ந்து நீண்டு கிடக்கும் லயம். இரண்டிற்கும் கூரை தகரமே. இரண்டிலும் அலங்காரமென்று சொல்லத்தக்க ஒரு கோடுதானும் இல்லை. எனினும், ஒன்றின் எதிரே நின்று படம் எடுத்துக்கொள்ளும் உல்லாசப் பயணி மற்றையதைக் கண்டதும் பார்வையைத் திருப்பிக்கொள்கின்றார். எளிமை ஓரிடத்தில் அழகாகவும் பிறிதோரிடத்தில் அவமானமாகவும் தோன்றுவது ஏன் என்ற வினா இவ்விடத்து எழுதல் இயல்பே.

மிகையானவற்றையெல்லாம் களைந்து, பொருளையும் வடிவத்தையும் மாத்திரம் எஞ்சவிடும் கொள்கை மேனாட்டுக் கலையுலகில் இருபதாம் நூற்றாண்டிலே பெருஞ்செல்வாக்குப் பெற்றது. 1919இல் ஜெர்மனியின் வைமார் நகரில் தோன்றிய பௌஹவுஸ் கலைக்கூடம் கலையையும் பொறியியலையும் ஒன்றாக்க முனைந்தது. 1960களில் நியூயோர்க்கில் மினிமலிசம் எனப் பெயர்பெற்ற இயக்கம் மேலும் ஒருபடி சென்றது. அதன் முதன்மையாளருள் ஒருவரான டொனால்ட் ஜட், நாகமுலாமிட்ட இரும்புத் தகட்டாலான, ஒரே அளவுடைய பெட்டிகளைச் சம இடைவெளியில் சுவரிலே பொருத்திக் காட்சிக்கு வைத்தார். ஒரே அளவுடைய பெட்டிகள், தகரம், வரிசை! மலையகத்தவர் எவரும் அதனைக் கண்டிருப்பின், புதுமையொன்றும் இல்லையென்று சொல்லியிருக்கக்கூடும்.

தேயிலைத் தொழிற்சாலையின் அமைப்பை ஊன்றி நோக்குமிடத்து, அதன் ஒவ்வோர் உறுப்பும் கொழுந்தின் தேவையிலிருந்து பிறந்ததென்பது புலனாகும். பறித்த கொழுந்து முதலில் வாடவேண்டும். அதிலுள்ள ஈரத்தின் பெரும்பகுதி பல மணிநேரத்தில் மெல்ல மெல்ல நீங்கவேண்டும். அவசரப்பட்டால் தேயிலை கெடும். ஆகவேதான் மேல்மாடிகள் முழுவதும் வாட்டும் தளங்களாயின. அங்கே தட்டுத்தட்டாகக் கட்டிய சாக்குத் துணியில் கொழுந்தைப் பரப்பினர். காற்று தடையின்றிப் புகவும் வெளியேறவும் வேண்டியிருந்தமையால் சுவர் குறைந்து சாளரங்கள் பெருகின. தென்மேற்குப் பருவக்காற்றுக் காலத்தில் ஹட்டன் பிரதேசம் நாட்கணக்கில் மூடுபனியில் மூழ்கிக் கிடக்கும். அந்த ஈரக்காற்றிலே கொழுந்து வாடாது. அதற்கும் வழி கண்டனர்: கீழே உலர்த்தும் அறையில் எழும் வெப்பக் காற்றைப் பெரிய விசிறிகளால் மேல்மாடிக்கு ஈர்த்தனர். வாடிய கொழுந்து தன் பாரத்தாலேயே கீழ்த்தளத்து உருளைகளுக்கு இறங்கியது. பாரந்தாங்கும் இரும்புத் தூண்கள், இலேசான தகரக் கூரை, ஒளி, காற்று, இவ்வளவே கட்டடம். பின்னாளில் வாட்டும் தொட்டிகள் வந்தபோது இம்முறை மாறியதாயினும், கட்டடத்தின் தோற்றம் அப்படியே நிலைத்தது. கந்தப்பொலையில் உற்பத்தி நின்றுபோன தொழிற்சாலையொன்று 1990களில் உல்லாச விடுதியாக மாற்றப்பட்டபொழுது, அந்தச் சாளரங்களையும் இரும்புத் தூண்களையும் விசிறிகளையும் மாற்றாது காத்தனர். பயனுக்கென்றே அமைந்த பொறியியல், பயன் ஒழிந்த பின்னர் கலையாக எஞ்சியது எனலாம்.

லயத்தின் கதை வேறு. அது தேயிலைக்கு முந்தியது. கோப்பிக் காலத்தில் தமிழகத்திலிருந்து நடந்து வந்த தொழிலாளர், அறுவடை முடிந்ததும் பெரும்பாலும் ஊர் திரும்பினர். சில மாதம் தங்கிப் போவோருக்குக் கொட்டகை போதுமென்று தோட்டத் துரைமார் கருதினர். 1869இல் பரவத் தொடங்கிய இலைநோய் கோப்பியை அழித்தது. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தொடங்கிய தேயிலை அதன் இடத்தைப் பிடித்தது. தேயிலையோ ஆண்டு முழுவதும் கொழுந்து தருவது. ஆகவே தொழிலாளரும் ஆண்டு முழுவதும் தங்கினர், குடும்பமாயினர், அங்கேயே பிறந்து அங்கேயே மடிந்தனர். புதிய பயிருக்கெனத் தொழிற்சாலை முற்றிலும் புதிதாகச் சிந்திக்கப்பட்டது. மனிதருக்கான கட்டடமோ கொட்டகையின் திட்டத்தை விட்டு அகலவில்லை. பத்தடிக்குப் பன்னிரண்டடியாக ஒரு காம்பரா, முன்னே சிறு இஸ்தோப்பு. இரட்டை லயமாயின் முதுகோடு முதுகு ஒட்டிய இரு வரிசைகள். பின்சுவரில் சாளரத்திற்கு இடமே இல்லை. கொழுந்துக்குக் காற்றோட்டத்தைக் கணக்கிட்ட அதே பொறியியல், அடுப்புப் புகை வெளியேறும் வழியைக் கணக்கிடவில்லை. ஒரு காம்பராவிற் பற்றிய தீ பொதுக்கூரை வழியே வரிசையையே விழுங்கிய செய்திகள் இன்றும் வருகின்றன. இதனை எளிமையென்று அழைப்பது சொல்லுக்கே இழைக்கும் அநீதியாகும். எளிமை எனின் ஒருவர் தாமே விரும்பிக் களைதல். இங்கு நடந்ததோ, பிறர் கொடாது விடுதல்.

குறைந்த செலவில் வீடமைப்போர் எல்லோரும் இவ்வாறே செய்தாகவேண்டும் என்பதில்லை. கண்டியிற் பிறந்த மினெட் டி சில்வா (1918–1998), பிரித்தானிய அரச கட்டடக்கலைஞர் நிறுவனத்தில் அங்கத்துவம் பெற்ற முதல் ஆசியப் பெண். 1950களில் கண்டியையடுத்த வட்டபுளுவையில் அரசாங்க ஊழியருக்கான வீடமைப்புத் திட்டத்தை அவர் வகுத்தபொழுது, அங்கு குடியேறவிருந்தோரிடமே வினாக்கொத்துகளைக் கொடுத்து அவர்தம் தேவைகளைக் கேட்டறிந்தார். அவ்விடைகளுக்கேற்ப வீட்டின் வகைகள் வேறுபட்டன. செலவு குறைவே, ஆனால் எதனைக் குறைப்பதென்பதில் குடியிருப்போருக்கும் குரல் இருந்தது. ஹட்டனிலிருந்து கண்டி அதிக தூரமன்று. அந்த வினாக்கொத்து மட்டும் மலையேறி வரவில்லை.

2017 மே மாதம் நோர்வுட்டிற்கு வந்த இந்தியப் பிரதமர், முன்னர் ஒப்புக்கொள்ளப்பட்ட 4,000 வீடுகளுடன் மேலும் 10,000 வீடுகள் மலையகத்திற் கட்டித்தரப்படும் என அறிவித்தார். ஏழு பேர்ச்சஸ் காணியிலே தனித்தனி வீடு என்பது லயத்திற் பிறந்தோருக்குச் சிறு மாற்றமன்று. எனினும் இன்றும் ஏராளமான குடும்பங்கள் லயங்களிலேயே வாழ்கின்றன. அவர்கள் சும்மா இருக்கவுமில்லை. இஸ்தோப்பை அடைத்து அறையாக்கினர்; அதற்கு முன்னே பழைய தகரமும் பலகையும் கொண்டு சமையற்கட்டை இழுத்தனர்; ஒரே அளவான கதவுகளுக்கு ஒன்றுக்கு நீலம், ஒன்றுக்குப் பச்சை எனத் தத்தம் விருப்பப்படி வர்ணம் பூசினர். தூரத்திலிருந்து நோக்குவோருக்கு லயம் இப்பொழுது நேர்கோடாகத் தெரிவதில்லை. ஒவ்வொரு வாசலும் ஒவ்வோர் அளவில் முன்னோக்கி வந்து நிற்கின்றது.