கள்ளுக் காசும் வெண்கலச் சிலையும்

சென்ற மாதம் எங்கள் தோட்டத்துக் கோயிற் கமிட்டிக்கு ஒரு கடிதம் வந்தது. கமிட்டியின் காரியதரிசி என்ற முறையில் அதனைப் பிரித்துப் படித்தவன் நான். பக்கத்துச் சிறு பட்டணத்தில் இரண்டு தலைமுறையாக மதுக்கடை நடத்திவரும் குடும்பத்தைச் சேர்ந்த ஒரு செல்வர் அதனை எழுதியிருந்தார். எங்கள் லயத்துப் பிள்ளைகள் மாலை வேளையில் அமர்ந்து படிக்க ஒரு வாசகசாலை கட்டித் தருவதாகவும், மேசை, நாற்காலி, விளக்கு, புத்தகம் ஆகிய யாவும் தம் செலவு என்றும், அதற்கு ஈடாகத் தாம் கேட்பது ஒன்றே என்றும் அதில் கண்டிருந்தது. அவருடைய காலஞ்சென்ற தகப்பனாரின் மார்பளவுச் சிலை ஒன்றை வாசகசாலை வாயிலில் வைப்பதற்கு நாங்கள் இடந்தரவேண்டும். அவ்வளவுதான்.

கோயிற் கமிட்டி என்றவுடன் முகஞ்சுளிக்கும் தோழர்கள் பொறுத்தருள வேண்டும். நெகிரி செம்பிலான் தோட்டங்களில் நாலுபேர் கூடிப் பேசுவதற்குக் கோயிற் கொட்டகையை விட்டால் வேறு கூரை இல்லை. எங்கள் பிள்ளைகள் படிப்பதும் அந்தக் கொட்டகை விளக்கின் கீழ்தான். மழை சாய்ந்து அடித்தால் புத்தகத்தை மூடிக்கொண்டு லயத்துக்கு ஓடவேண்டியதுதான். ஆதலின் அக்கடிதத்தைப் படித்ததும் எனக்கு முதலில் உண்டானது மகிழ்ச்சியே என்பதை ஒளிக்காமற் சொல்லிவிடுகிறேன்.

நிற்க. நான் இத்தோட்டத்து ஆபீசில் கிராணி. பால்மரம் போய்ச் செம்பனை வந்து வெகுகாலமாயிற்று எனினும், பால்மரக் காலத்துப் பழங்கணக்குகள் சில ஆபீசின் பின்னறையில் கறையானுக்கு இரையாகாமல் எஞ்சியிருக்கின்றன. இரண்டாண்டுக்கு முன் அவற்றை ஒழுங்குபடுத்தும்போது 1958 ஆம் ஆண்டுக்குரிய கள்ளுக்கடைக் கணக்குப் புத்தகம் ஒன்று என் கைக்கு அகப்பட்டது. அக்காலத்தில் தோட்டங்களில் உரிமம் பெற்ற கள்ளுக்கடைகளை நிர்வாகமே நடத்தி வந்ததும், அதில் வரும் இலாபத்தைத் தொழிலாளர் நலத்துக்கே செலவிடவேண்டும் என்ற ஏற்பாடு இருந்ததும் பலரும் அறிந்தவை. அப்புத்தகத்தின் இடப்பக்கத்தில் கள் விற்ற வரவு. வலப்பக்கத்தில் அவ்விலாபத்திலிருந்து செய்த செலவு. தீபாவளி இனிப்பு இவ்வளவு, பந்து இவ்வளவு, ஆயாக் கொட்டகைத் தொட்டிற் கயிறு இவ்வளவு என்று வரிசையாக எழுதிய அழகான ஆங்கிலக் கையெழுத்தின் நடுவே, 'கோயிலுக்கு வெண்கல மணி ஒன்று' என்ற வரியைக் கண்டு நான் திடுக்கிட்டேன்.

ஏனெனில் அந்த மணியை நான் நன்கு அறிவேன். அதன் விளிம்பில் 'தோட்ட நிர்வாகத்தின் நன்கொடை' என்று பொறித்திருக்கிறது. சிறுவயதில் அதனை அடிக்க நான் ஓடும்போதெல்லாம் என் பாட்டி என்னை இழுத்து நிறுத்துவாள். "அது சாமி மணி இல்லடா, உங்க தாத்தா குடிச்ச கள்ளு" என்பாள். கிழவியின் கசப்புப் பேச்சென்றே நான் நெடுநாள் எண்ணியிருந்தேன். சம்பள நாளன்று என் தாத்தா ஆபீசிலிருந்து நேரே கள்ளுக்கடைக்குப் போவார் என்பதும், பாட்டி கைக்குழந்தையோடு கடை வாசலிலே நின்று மீதிக் காசை வாங்கிவருவாள் என்பதும் எங்கள் குடும்பம் அறிந்த கதை. ஆனால் அவள் சொன்னது வசையன்று, கணக்கு என்பது அந்தப் புத்தகத்தைக் கண்டபின்புதான் எனக்கு விளங்கிற்று.

இந்நிலையில் வந்த கடிதம் என்னை உறங்கவொட்டாமற் செய்தது. மதுவிற் பணம் சேர்த்தவருக்குச் சிலை வைப்பது உலகில் எங்கேனும் நடந்ததுண்டா, நடந்தால் அதன் பயன் என்ன என்று தேடத் தொடங்கினேன். ஆங்கிலப் பள்ளியில் பயின்றவனாதலின் என் தேட்டம் இங்கிலாந்துக்கே சென்றது. அங்கே எனக்கு எதிர்ப்பட்டவர்கள் பாஸ் குடும்பத்தார்.

1777 ஆம் ஆண்டில் வில்லியம் பாஸ் என்பவர் டிரெண்ட் ஆற்றங்கரையிலுள்ள பர்ட்டன் என்ற ஊரில் பீர் வடிக்கும் சாலை ஒன்றை நிறுவினார். அவ்வூர் மதுவுக்கு முதலில் பெரிய சந்தையாயிருந்தவை ரஷ்யாவும் பால்டிக் கடற்கரை நாடுகளும். நெப்போலியன் காலத்துப் போரால் அவ்வழி அடைபட்டுப் போகவே, பர்ட்டன் வியாபாரிகள் வேறு திசை நோக்கினார்கள். அத்திசை யாது? நமது நாடே! 1820களில் இந்தியாவிலிருந்த வெள்ளைக்காரச் சிப்பாய்களுக்கும் உத்தியோகஸ்தர்களுக்கும் வெளிர்நிற பீரைப் பீப்பாய் பீப்பாயாகக் கப்பலேற்றி அனுப்பலானார்கள். 'இந்தியா பேல் ஏல்' என்று அதற்குப் பெயரே நிலைத்துவிட்டது. பர்ட்டன் கிணற்று நீரில் ஜிப்சம் என்னும் சுண்ணச்சத்து மிகுதி. வெளிர்நிற பீர் தெளிவாக அமைவதற்கு அந்நீர் மிகப் பொருத்தம். இவ்வாறு கிணற்று நீரும் சாம்ராஜ்யமும் ஒன்றுகூடி ஒரு குடும்பத்தை வளர்த்தன. 1876 ஜனவரி முதல் தேதி இங்கிலாந்தில் வியாபாரக் குறிகளைப் பதிவு செய்யும் சட்டம் நடைமுறைக்கு வந்தபோது, முதலாவதாகப் பதிவானது பாஸ் கம்பெனியின் சிவப்பு முக்கோணம். 1877 அளவில் ஆண்டொன்றுக்குச் சுமார் பத்து லட்சம் பீப்பாய் வடிக்கும் அச்சாலை உலகிலேயே மிகப் பெரிதாக விளங்கிற்று.

அக்குடும்பத்தில் வந்த மைக்கேல் தாமஸ் பாஸ் (1799 - 1884) என்பவர் டெர்பி நகரின் சார்பில் 1848 முதல் 1883 வரை பார்லிமெண்டில் அங்கத்தினராயிருந்தார். அந்நகருக்கு நூலகமும் அருங்காட்சிசாலையும் ஆக்கித் தந்தார். மக்கள் விளையாடி இளைப்பாறத் திடலும் தந்தார். நகரத்தார் அவருக்கு வெண்கலச் சிலை எடுத்தார்கள். முதலில் சந்தைச் சதுக்கத்தில் நின்ற அச்சிலை பின்னர் அவர் கொடுத்த நூலகத்தின் அருகே இடம் மாறிற்று. அதனைச் செய்த சிற்பி ஜோசப் எட்கர் போயெம். வியன்னாவிற் பிறந்து இங்கிலாந்திற் குடியேறி, 1881 இல் விக்டோரியா மகாராணியின் ஆஸ்தான சிற்பியானவர் அவர்.

இந்தப் போயெம் நமக்கு அந்நியரல்லர். 1887 இல், மகாராணி பட்டமேறிய ஐம்பதாவது ஆண்டு விழாவில், சென்னைக் கடற்கரைச் சாலையில் செனட் மண்டபத்தருகே வைக்கப்பட்ட விக்டோரியா சிலை அவர் கைவேலை. விசாகப்பட்டினத்து ஜமீன்தார் கஜபதிராவ் கொடுத்தது. கொழும்பு அருங்காட்சிசாலை முன் நிற்கும் கவர்னர் கிரெகரியின் சிலையும் அவர் செய்ததே. லண்டனில் டார்வினுக்கும் கார்லைலுக்கும் உருவம் சமைத்தவரும் அவரே. களிமண்ணில் உருச்செய்து, சுண்ணச் சாந்தில் அச்செடுத்து, உருக்கிய உலோகத்தை வார்க்கும் அந்தக் கைகளுக்கு மகாராணியும் ஒன்று, அறிஞரும் ஒன்று, பீர் வியாபாரியும் ஒன்று. விக்டோரியா காலத்து ஆங்கிலேயருக்குச் சிலை என்பது ஒருவகைப் பற்றுச்சீட்டு. நகரம் பெற்றுக்கொண்டதற்கு நகரம் எழுதிக்கொடுத்த ரசீது.

பாஸ் பெருமகனாரைப் பழிப்பது என் நோக்கமன்று. நியாயம் பேசுவோர் எதிரியின் நற்குணத்தையும் எடையிட வேண்டும். அக்காலத்தில் ரெயில்வே ஊழியர் வரம்பின்றிப் பலமணி நேரம் உழைத்து விபத்தில் மாண்டனர். 1871 இல் அவர்கள் சங்கம் அமைத்தபோது அவர்களுக்குத் துணைநின்று பணம் உதவியவர் இந்த பாஸ்தான். தமக்கு வந்த பிரபுப் பட்டத்தையும் வேண்டாமென்றார். அவர் மகன்தான் 1886 இல் பர்ட்டன் பிரபுவானார். டெர்பி நூலகத்திற் படித்து முன்னேறிய ஏழைப்பிள்ளைகள் இருந்திருப்பார்கள் என்பதில் ஐயமென்ன? அந்த நூலகம் நல்லதே.

ஆனால் அச்சிலை சொல்லாத செய்தி ஒன்றுண்டு. அந்நூலகத்தின் செங்கல் ஒவ்வொன்றுக்கும் காசு கொடுத்தவர் யார்? பீர்க்கடையில் கூலியைக் கொட்டிய தொழிலாளரும், மீதிக் காசுக்கு வாசலில் நின்ற அவர்தம் மனைவியருமல்லரோ? ஆயிரம் பேரிடமிருந்து அணா அணாவாக வந்ததை ஒருவர் ரூபாயாகத் திருப்பித் தந்தார். தந்தவர் முகம் தெரிகிறது, தந்தவருக்குத் தந்தவர் முகம் தெரியவில்லை. வெண்கலத்துக்கு ஒரு முகத்தைத்தான் காட்டத் தெரியும்.

எங்கள் மணியும் அவ்வாறே. கள்ளுக்கடை இலாபம் தொழிலாளர் காசு. அதைக்கொண்டு வாங்கிய மணியில் பொறித்ததோ நிர்வாகத்தின் பெயர். இதனைச் சீர்திருத்த எண்ணியவர்கள் இந்நாட்டில் இல்லாமலில்லை. போருக்குப் பின் கெடா மாநிலத் தோட்டங்களில் ஏ. எம். சாமி என்பவர் தலைமையில் தொண்டர் படை என்ற இயக்கம் எழுந்தது. தொழிலாளரே ஒழுங்காக அணிவகுத்து, கள்ளுக்கடைகளை மூடுக என்று கேட்டார்கள். 1947 இல் சுங்கைப்பட்டாணியில் கள்ளுக்கடை முன் போலீசாரோடு மோதல் நேர்ந்தது. கள் இலாபத்தில் எங்களுக்குப் பந்தும் மணியும் வேண்டாம், எங்கள் கூலி எங்கள் வீட்டுக்கே வரட்டும் என்பதே அக்கிளர்ச்சியின் உட்பொருள் என்று நான் கொள்கிறேன். கடிதம் வந்த வாரத்தில் அவர்களை நான் அடிக்கடி நினைத்தேன்.

இதுவரை எழுதியது எளிது. இனி எழுதுவதுதான் கடினம். ஆங்கிலப் பள்ளியிற் பயின்றவன் என்று மேலே பெருமையாகச் சொன்னேனே, அந்தப் பள்ளிச் சம்பளத்தை மூன்றாண்டு கட்டியவர் யார்? எந்தத் தகப்பனாருக்குச் சிலை கேட்கிறார்களோ, அதே மதுக்கடைக்காரர்! லயத்துப் பையன் ஒருவன் நன்றாகப் படிக்கிறான் என்று கேள்விப்பட்டு, என் தந்தையை அழைத்து, ஒருவருக்கும் சொல்லவேண்டாமென்று சொல்லிப் பணம் கொடுத்தார். என் தந்தை அன்று கண்கலங்கினார். பாட்டி மட்டும் ஒன்றும் பேசவில்லை. இன்று நான் உடுத்தும் சட்டையும், ஆபீசில் எனக்குள்ள நாற்காலியும், இக்கட்டுரையை எழுதும் அறிவும் அந்தக் காசிலிருந்து வந்தவை. அவரை நான் வெறுக்கவில்லை. வெறுக்க எனக்கு யோக்கியதையும் இல்லை. நன்றி மறப்பது நன்றன்று என்று படித்தவன் நான். அதே வேளையில், நான் நன்றி செலுத்தவேண்டியது அவர் ஒருவருக்கு மட்டுமா என்ற கேள்வி என் நெஞ்சை விட்டு அகலவில்லை. அவர் கடையில் கூலியைக் கொட்டிய எங்கள் லயத்துக் குடும்பங்களுக்கும் நான் கடன்காரனன்றோ?

ஞாயிற்றுக்கிழமை கமிட்டி கூடிற்று. கடிதத்தை வாசித்தேன். என் பள்ளிச் சம்பளக் கதையையும் மறைக்காமற் சொன்னேன். இளைஞர் சிலர், "சிலைதானே அண்ணே, ஒரு மூலையில் இருந்துவிட்டுப் போகட்டும்; பிள்ளைகளுக்குக் கட்டடம் முக்கியம்" என்றார்கள். அவர்கள் சொல்வதில் நியாயமில்லாமலில்லை. வேறு சிலர், அந்தப் பணமே வேண்டாமென்றார்கள். அவர்கள் சொல்வதிலும் நியாயமுண்டு. சிலை என்பது வைத்தபின் எளிதில் எடுக்கமுடியாத பொருள் என்பதை மாத்திரம் நான் நினைவூட்டினேன். சென்னை மவுண்ட் ரோட்டிலிருந்த நீல் துரையின் சிலையை அகற்றக்கோரி 1927 இல் சத்தியாக்கிரகம் நடந்தது. சிறை சென்றவர் பலர். அது அவ்விடம் விட்டுப் பெயர்ந்ததோ 1937 இல்தான். பத்தாண்டு!

அப்போது ஆயாக் கொட்டகையில் முன்னாளில் வேலைசெய்த ஒரு மூதாட்டி, தூணோரம் உட்கார்ந்திருந்தவர், மெல்ல ஒரு கேள்வி கேட்டார்: "செலை வெச்சா வருஷா வருஷம் மாலை போடணுமே தம்பி. யாரு போடுறது?" ஒருவரும் பதில் சொல்லவில்லை. அவருடைய கணவர் குடியினால் இறந்தவர் என்பது அங்கிருந்த அனைவருக்கும் தெரியும்.

முடிவில் கமிட்டியின் தீர்மானப்படி நான் எழுதிய பதில் இது. வாசகசாலையை ஏற்றுக்கொள்கிறோம். சிலைக்கு இடமில்லை. சுவரில் ஒரு கல் பதிக்கலாம். அதில் தங்கள் குடும்பம் கட்டிக்கொடுத்தது என்பதும், இத்தோட்டத்தில் உழைத்தவர்களின் காசால் இது ஆயிற்று என்பதும் ஒரே அளவு எழுத்தில் அடுத்தடுத்து இருக்கவேண்டும். கடிதத்தின் கீழே, என் கல்விக்கு அவர் தந்தையார் செய்த உதவிக்கு என் சொந்த நன்றியையும் என் கைப்பட எழுதிக் கையொப்பமிட்டேன்.

மூன்று வாரமாகப் பதில் வரவில்லை. வராமலே போகலாம். போனால், பிள்ளைகளுக்கு ஒரு வாசகசாலை கிடைக்காமற் செய்தவன் என்ற பழி என்னைச் சேரும். அதனைச் சுமக்கத்தான் வேண்டும். அதுவரையில் ஆபீஸ் முடிந்து மாலையில் இரண்டு மணி நேரம் கொட்டகையில் அவர்களுக்கு ஆங்கிலமும் கணக்கும் சொல்லிக்கொடுத்து வருகிறேன். மழைச்சாரல் தடுக்கத் தார்ப்பாய் ஒன்று கட்டியிருக்கிறோம். நேற்று ஒரு சிறுவன் படிப்பு முடிந்ததும் ஓடிப்போய் மணியை அடித்தான். நான் அவனைத் தடுக்கவில்லை. அருகழைத்து, அந்த மணியை வாங்கியவர் யார் என்பதை மட்டும் சொன்னேன்.