‘இவருக்குப் பதில் இவர்’... முல்லையாகவே நினைவில் நிற்கும் வி.ஜே.சித்ரா!

பூந்தமல்லியைத் தாண்டி பெங்களூரு நெடுஞ்சாலையில் போகிறவர்களுக்கு நசரத்பேட்டையும் செம்பரம்பாக்கமும் வெறும் பஸ் ஸ்டாப்புகள். சீரியல் பார்ப்பவர்களுக்கு அப்படியல்ல. செம்பரம்பாக்கத்தில் இருக்கும் ஈ.வி.பி ஃபிலிம் சிட்டி ஒருகாலத்தில் தீம் பார்க். பிக் பாஸ் வீடு உட்பட எத்தனையோ டி.வி செட்கள் பிறகு அங்கே எழுந்தன. வி.ஜே.சித்ரா கடைசியாக கேமரா முன் நின்றதும் அங்கேதான்.

2020 டிசம்பர் 8-ம் தேதி தொடங்கிய படப்பிடிப்பு நள்ளிரவைத் தாண்டி முடிந்தது. நசரத்பேட்டையில் தங்கியிருந்த ஹோட்டலுக்குத் திரும்பினார் சித்ரா. மறுநாள் விடிந்தபோது அவர் உயிருடன் இல்லை. வயது 28.

அந்தச் செய்தியைக் கேட்டுப் பலரும் முதலில் சொன்னது, “நம்ம முல்லையா?” என்பதுதான். அந்த ‘நம்ம’ ஒரே நாளில் கிடைத்ததல்ல. மக்கள் தொலைக்காட்சியில் தொகுப்பாளராகத் தொடங்கியவர் சித்ரா. நடிகையான பிறகும் முதல் வேலையின் அடையாளமாக ‘வி.ஜே’ என்ற இரண்டு எழுத்துகள் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டன. சேனல் சேனலாக நிகழ்ச்சிகள், சன் டி.வி-யில் ‘சின்ன பாப்பா பெரிய பாப்பா’ என்று படிப்படியாக வந்தவருக்கு, 2018 அக்டோபரில் விஜய் டி.வி-யில் தொடங்கிய ‘பாண்டியன் ஸ்டோர்ஸ்’ பெரிய வாசலைத் திறந்தது.

மளிகைக்கடை நடத்தும் அண்ணன் தம்பிகளின் கூட்டுக்குடும்பக் கதை அது. ஜீவாவுக்கு நிச்சயிக்கப்பட்ட முல்லை, சூழ்நிலையால் அவன் தம்பி கதிருக்கு மனைவியாகிறாள். பிடிக்காமல் ஆரம்பித்த கல்யாணம், சண்டையும் சீண்டலுமாக மெதுவாகக் காதலாக மாறும். அந்த மாற்றத்தை அவசரப்படாமல் முகத்தில் கொண்டுவந்தார் சித்ரா. அம்பத்தூர் எஸ்டேட்டில் வேலை முடிந்து, ஷேர் ஆட்டோவில் நெரிசலோடு வீடு திரும்பி, தோசைக்கல்லை அடுப்பில் வைத்துவிட்டு டி.வி-யைப் போடும் பெண்ணுக்கு, முல்லை பக்கத்து வீட்டுப் பெண்ணாகிப்போனாள்.

சீரியல் உலகில் ஒரு வழக்கம் உண்டு. நடிகர் விலகினால், ‘இவருக்குப் பதில் இவர்’ என்று போட்டுவிட்டுக் கதை நகரும். முல்லைக்கும் அதுதான் நடந்தது. காவ்யா அறிவுமணி வந்தார், அவருக்குப் பின் லாவண்யா வந்தார். 2023 அக்டோபரில் முதல் பாகம் முடியும்வரை முல்லை இருந்தாள். அடுத்து வந்தவர்கள் மீது குறை சொல்ல ஒன்றுமில்லை. இன்னொருவர் விட்டுப்போன இடத்தில் நின்று, ஒப்பிடும் கண்களுக்கு நடுவே நடித்தார்கள். சித்ரா நாயகியாக நடித்த ‘கால்ஸ்’ திரைப்படம் 2021 பிப்ரவரியில் தியேட்டருக்கு வந்தது. அதைப் பார்க்க அவர் இல்லை.

அவர் மரணம் தொடர்பான வழக்கில் கைதான கணவரை 2024-ல் திருவள்ளூர் மகளிர் நீதிமன்றம் விடுவித்தது. ஆனால் தீர்ப்பு வருவதற்குள் யூடியூபில் ஆளாளுக்கு ஒரு தீர்ப்பு எழுதிவிட்டார்கள். அவர் சிரித்த வீடியோக்களைக்கூட நிறுத்தி நிறுத்திப் பார்த்துக் காரணம் தேடினார்கள்.

திரையில் முல்லையின் கண் கலங்கினால், “என்னாச்சு இவளுக்கு?” என்று வீட்டில் எல்லோரும் கேட்பார்கள். ஷூட்டிங் முடிந்து நடுராத்திரியில் அறைக்குத் திரும்பும் பெண்ணிடம் அதைக் கேட்க எல்லோராலும் முடியாது. ஆனால் கம்பெனி பஸ்ஸில் பக்கத்து சீட்டில் இருப்பவரிடமும், நைட் ஷிஃப்ட் முடித்து வரும் மகளிடமும் கேட்கலாம். கேட்டுவிட்டு, பதில் வரும்வரை கொஞ்சம் காத்திருக்கலாம்.

(மன உளைச்சலோ, தற்கொலை எண்ணமோ இருந்தால் 104 என்ற எண்ணுக்கு அழைத்துப் பேசுங்கள்.)