புதையல் கிடைக்காத மலை

தமிழ் சினிமாவில் எங்கள் தேயிலை மலை முதன்முதலில் கதைக்களமான படங்களில் ஒன்று, 1936இல் வந்த 'சதி லீலாவதி'. குடிவெறியில் நண்பனைக் கொன்றுவிட்டதாக நம்பும் கதாநாயகன் இலங்கைக்கு ஓடிவந்து தோட்டத்தில் கூலியாளாகிறான். இங்கே புதையல் அகப்பட, அவன் தரித்திரம் தீர்கிறது. தோட்ட லயத்தில் பிறந்தவர்களுக்குச் சிரிப்புத்தான் வரும். தலைமுறை தலைமுறையாகக் கான் வெட்டினோம், கவ்வாத்து வெட்டினோம். புதையல் கண்டவர் எவருமில்லை.

அந்தப் படத்தில் இன்ஸ்பெக்டராகச் சிறு வேடத்தில் அறிமுகமானவர், 1917இல் நாவலப்பிட்டியில் பிறந்த எம்.ஜி.ஆர். இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர். 1935இல் இந்தியா வந்து, தமிழ் தெரியாமலே 'அம்பிகாபதி', 'சகுந்தலை', 'மீரா' என்று எடுத்துத் தள்ளினார். 'மீரா'வுக்காக எம்.எஸ். சுப்புலட்சுமியின் முகத்தைச் சிலையாக வார்த்து, விளக்கை இப்படியும் அப்படியும் மாற்றி, எந்தக் கோணத்தில் அந்த முகம் எடுப்பாக இருக்கிறது என்று பார்த்தாராம். 1950இல் 'மந்திரி குமாரி'யோடு ஊர் திரும்பியவர் 2001இல் காலமானார்.

டங்கனைத் தேடிப் போனவர் கரண் பாலி. புனே திரைப்படக் கல்லூரியில் படித்தவர், பழைய இந்திய சினிமாவைப் பற்றி விடாமல் எழுதுபவர். அவருடைய 'அன் அமெரிக்கன் இன் மெட்ராஸ்' ஆவணப்படம் வந்தது 2013இல். யாரைப் பற்றிய படமோ அவர் போய்ப் பன்னிரண்டு வருஷம். மிஞ்சிய படச்சுருளையும், அவரை அறிந்தவர்களின் ஞாபகத்தையும் வைத்துத்தான் ஒரு மனிதரைத் திரும்ப நடமாட விட வேண்டும்.

இன்னோர் ஆவணப்பட இயக்குநரான சிவேந்திர சிங் துங்கர்பூருக்கு அந்தச் சங்கடம் இல்லை. 1964இல் புனேயில் தொடங்கிய தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தைக் கட்டி எழுப்பிய பி.கே. நாயரை, அவர் உயிரோடு இருக்கும்போதே 'செல்லுலாய்ட் மேன்' படத்தில் பதிந்தார். அது 2012. நாயர் 2016இல் மறைந்தார். படமெடுத்ததோடு துங்கர்பூர் நிற்கவில்லை. 2014இல் பழைய படங்களைக் காக்க ஓர் அமைப்பையே தொடங்கினார். சுமித்ரா பீரிஸின் சிங்களப் படமான 'கெஹெனு லமாய்' அவர்கள் கையில் புத்துயிர் பெற்று 2025இல் கான் திரைப்பட விழாவில் திரையேறியது.

இலங்கைத் தமிழ் சினிமாவில் புதுப்பிக்க நம்மிடம் என்ன இருக்கிறது? 1963இல் 'தோட்டக்காரி' வந்தது. 1975இல் தொழிற்சங்கவாதி வி.பி. கணேசன் தயாரித்து நடித்த 'புதிய காற்று' வந்தது. 1983 ஜூலை இனக்கலவரத்தில் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ எரிந்தபோது எத்தனையோ படங்களின் மூலப் பிரதிகளும் சேர்ந்து சாம்பலாயின. தம்பிஐயா தேவதாஸ் மட்டும் இலங்கைத் தமிழ் சினிமாவின் கதையைத் தேடித் தொகுத்துப் புத்தகமாக்கியிருக்காவிட்டால், பல பெயர்கள் எங்களுக்குத் தெரிந்தே இராது.

கொட்டகலைப் பக்கம் ஒரு பழைய கங்காணியிடம் கேட்டேன். "தாத்தா, 'புதிய காற்று' பாத்தீங்களா?"

"பாத்தேனே. கதை மறந்துபோச்சு தம்பி. சம்பளத்துக்கு மறுநாளு, லொறி புடிச்சு ஹட்டனுக்குப் போனோம். திரையில கொழுந்துக் கூடை வந்திச்சு பாரு, பொம்பளைங்க போட்ட சத்தத்துல வசனமே கேக்கல. அதுவரைக்கும் மெட்ராஸ்காரன் வீட்டத்தானே பாத்துக்கிட்டு இருந்தோம்."

எந்தக் காப்பகத்திலும் கிடைக்காத செய்தி இது. சுருள் எரிந்தால் படம் போயிற்று. ஆனால் அந்தப் படத்துக்கு ஜனங்கள் போட்ட சத்தம், கேட்டவர் இருக்கும்வரை இருக்கிறது. சினிமாவின் சரித்திரத்தில் பாதி திரைக்கு இந்தப் பக்கம் நடந்தது. எடுத்தவர்களை மட்டும் தேடினால் மலையகத்துக்கு நாலு வரிதான் தேறும். பார்த்தவர்களையும் தேடினால் ஒவ்வொரு டிவிஷனிலும் ஒரு படத்துக்கு விஷயம் இருக்கிறது.

அதற்குக் கான் விழாவும் வேண்டாம், பெரிய கமராவும் வேண்டாம். படித்துவிட்டுக் கொழும்புக்கு வேலைக்குப் போயிருக்கும் எங்கள் பிள்ளைகள் தீபாவளிக்கு ஊர் வரும்போது, போனைத் தாத்தா பக்கம் திருப்பி, "என்ன படம் பாத்தீங்க, யாரோட போனீங்க, டிக்கெட்டுக்குக் காசு யார் குடுத்தா?" என்று கேட்டால் போதும். 'புதிய காற்று' வந்த வருஷம் இருபது வயதாக இருந்தவருக்கு இன்று எழுபது தாண்டிவிட்டது. அடுத்த தீபாவளி என்று தள்ளிப்போடக்கூடிய வேலை இல்லை இது.