அணைக்க மறந்த தீ

எல்லாக் காலங்களும் ஒன்றுகூடும் ஓர் இடம் என்றதும் இலக்கிய வாசகர்களுக்குப் போர்ஹேதான் நினைவுக்கு வருவார். 1941-இல் வெளியான அவரது ‘கிளைபிரியும் பாதைகளின் தோட்டம்’ கதையில் ஒவ்வொரு முடிவின்போதும் காலம் கிளைக்கிறது. எடுத்த முடிவும் எடுக்காமல் விட்ட முடிவும் தத்தம் வழியில் நடந்துகொண்டே இருக்கின்றன. தமிழில் ஜெயமோகனின் ‘விஷ்ணுபுரம்’ (1997) உண்டு. யுகத்துக்கு ஒருமுறை புரண்டு படுக்கும் பெருமாளைச் சுற்றி எழுந்த அந்தக் கற்பனை நகரத்தில், ஒரு தலைமுறையின் வாழ்க்கை இன்னொரு தலைமுறைக்குப் புராணமாகிவிடுகிறது. இரண்டையும் நான் பிற்பாடுதான் படித்தேன். அதற்கு வெகுமுன்பே, பூந்தமல்லியில் பேருந்து மாறிப் போய் இறங்கும் மாங்காட்டில், அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு அப்படியோர் இடத்தில் நடமாடியிருக்கிறேன். அப்போது அது எனக்குத் தெரியாது.

மாங்காட்டின் தலபுராணம் ஒரு விளையாட்டில் தொடங்குகிறது. கயிலாயத்தில் பார்வதி விளையாட்டாக ஈசனின் கண்களைப் பொத்துகிறாள். அவளுக்கு அது ஒரு கணம். சூரியனும் சந்திரனும் அக்கினியும் அவன் கண்கள் என்பதால் கீழே உலகம் இருளில் மூழ்குகிறது. அந்த ஒரு கணம் இங்கே யுகங்களாக நீள்கிறது. பிழை தீர அவள் பூமிக்கு வந்து, மாமரங்கள் அடர்ந்த இந்தக் காட்டில், ஐந்து தீக்குண்டங்களின் நடுவே ஒற்றைக் கால் கட்டைவிரல் நுனியில் நின்று தவம் செய்கிறாள். கயிலாயத்துக் கணக்கும் பூமியின் கணக்கும் வேறு வேறு என்பதும், ஒன்றில் கணமாக இருப்பது மற்றதில் ஆயுளாக இருக்கக்கூடும் என்பதும் இந்தக் கதைக்குள் போகிறபோக்கில் சொல்லப்பட்டுவிடுகின்றன.

ஈசன் வருகிறார். ஆனால் அதே ஊரில் சுக்கிராச்சாரியாரும் தவத்தில் இருக்கிறார். வாமனனிடம் ஒரு கண்ணை இழந்தவர். கண்ணைப் பொத்தியவளும் கண்ணை இழந்தவரும் ஒரே ஊரில் காத்திருக்கிறார்கள். ஈசன் முதலில் சுக்கிரனுக்குக் காட்சி தருகிறார். அந்த இடம்தான் இன்றைய வெள்ளீஸ்வரர் கோயில். அம்பிகையைக் காஞ்சிக்குப் போய்த் தவத்தைத் தொடரச் சொல்கிறார். காஞ்சியில் ஒற்றை மாமரத்தடியில் திருமணம் கூடுகிறது. மாங்காட்டில் காடு, காஞ்சியில் ஒரே மரம். கிளைத்துக் கிடந்த சாத்தியங்கள் எல்லாம் ஒன்றாகக் குவிந்தன என்று இதை வாசிக்க எனக்குப் பிடிக்கும்.

ஆனால் மாங்காடு அந்த முடிவை ஏற்றுக்கொண்டதாகத் தெரியவில்லை. காஞ்சியில் கல்யாணம் முடிந்துவிட்டது. இங்கே அவள் இன்னும் தவக்கோலத்தில் நிற்கிறாள். அவளுக்குச் சீர் கொண்டுவந்த அண்ணன், வைகுண்டப் பெருமாள், நடந்து போகிற தூரத்திலுள்ள தன் கோயிலில் கையில் கணையாழியோடு நிற்கிறார். மார்க்கண்டேயர் வேண்டிக்கொண்டதால் இங்கேயே தங்கிவிட்டார் என்பது கதை. மோதிரம் இன்னும் கைமாறவில்லை. அம்பிகை கிளம்பிய அவசரத்தில் அணைக்காமல் விட்ட தீயும் எரிந்துகொண்டே இருந்ததாம். அந்த வெம்மையில் ஊர் தகிக்க, பின்னொரு காலத்தில் ஆதிசங்கரர் வந்து அர்த்தமேருவைப் பிரதிஷ்டை செய்து தணித்தார் என்பார்கள். எட்டு வகை மூலிகைகளால் ஆனது என்பதால் அதற்கு அபிஷேகம் கிடையாது; குங்கும அர்ச்சனைதான். ஒரு யுகத்தில் மூட்டிய தீயை இன்னொரு யுகத்தில் வந்தவர் அணைக்க வேண்டியிருந்தது என்பதை, வரலாற்றைப் பற்றிச் சொல்லப்பட்ட மிக நேர்மையான வாக்கியமாகவே நான் கருதுகிறேன்.

எங்கள் வீட்டிலும் ஒரு தீ இருந்தது. 1999-இல் என் தங்கைக்கு நல்ல வரன் அமைய வேண்டும் என்று அம்மா மாங்காட்டில் வேண்டிக்கொண்டாள். இங்கே ஆறு வார வேண்டுதல் பிரசித்தம். ஒரே கிழமையில் ஆறு வாரம் எலுமிச்சம்பழத்தோடு வந்து வணங்க வேண்டும். தங்கை ஆறு வெள்ளிக்கிழமையும் மறுபேச்சில்லாமல் அம்மாவுடன் போய் வந்தாள். அந்த வரனை அவள் ஏற்கெனவே தேர்ந்தெடுத்திருந்தாள் என்பது ஏழாவது வாரம்தான் எங்களுக்குத் தெரிந்தது. வேறு சாதிப் பையன். கல்யாணத்துக்கு வீட்டிலிருந்து யாரும் போகக்கூடாது என்றார் அப்பா. நான் என் சம்பளத்தில் அரைப் பவுனில் ஒரு மோதிரம் வாங்கி வைத்திருந்தேன். அன்று காலை அதைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு பூந்தமல்லி பேருந்து நிலையம்வரை போனேன். மூன்று பேருந்துகளை விட்டேன். பிறகு வீடு திரும்பினேன்.

பல ஆண்டுகள் கழித்து வைகுண்டப் பெருமாளின் கையிலிருந்த கணையாழியைச் சற்று நேரம் நின்று பார்த்தபோது, எனக்கு அது முதலில் ஆறுதலாகத்தான் இருந்தது. சீர் கொடுக்காமல் நின்றுவிட்ட அண்ணனுக்கும் ஒரு கோயில் இருக்கிறதே என்று. வெளியே வந்த பிறகுதான் அந்த ஒப்புமையில் இருந்த பொய் உறைத்தது. அவரை ஒரு ரிஷி வேண்டி நிறுத்தினார். என்னை யாரும் கையைப் பிடித்து நிறுத்தவில்லை. அந்த மூன்று பேருந்துகளிலும் உட்கார இடம் இருந்தது.

போன மாதம் அம்மாவை மாங்காட்டுக்கு அழைத்துப் போனேன். அர்ச்சனைக்குத் தட்டை நீட்டியதும் அர்ச்சகர் சங்கல்பத்தைத் தொடங்கினார். அந்தச் சங்கல்பத்தைப் பொருள் உணர்ந்து கேட்டால் தலை சுற்றும். பிரம்மாவின் ஆயுளில் பிற்பாதி என்று ஆரம்பித்து, 432 கோடி ஆண்டுகள் கொண்ட கல்பம், அதில் இப்போதைய மன்வந்தரம், அதில் 28-ஆவது சதுர்யுகத்துக் கலியுகம், அதன் முதல் பாதம் என்று இறங்கி, வருடம், அயனம், ருது, மாதம், பட்சம், திதி, கிழமை என்று குறுகி, கடைசியில் ஒரு தட்டில் இருக்கும் எலுமிச்சம்பழத்தின் முன்னால் வந்து நிற்கிறது. அத்தனை காலமும் கூடி நின்று கேட்பது ஒரே கேள்வியை: யாருக்காக?

அம்மா பெயரும் நட்சத்திரமும் சொன்னாள். முதலில் தங்கையின் பெயர், ரோகிணி நட்சத்திரம். பிறகுதான் நான். திரும்பும்போது கேட்டேன். “எப்பவும் அவ பேரைத்தான் முதல்ல சொல்லுவேன். உங்கப்பா பக்கத்துல நிக்கும்போதும் சொல்லியிருக்கேன்” என்றாள். வீட்டில் உச்சரிக்கவே கூடாது என்றிருந்த அந்த எட்டு வருடங்களிலும் அந்தப் பெயர் ஓர் இடத்தில் தவறாமல் சொல்லப்பட்டிருக்கிறது. அப்பாவும் கைகூப்பியபடி அதைக் கேட்டுக்கொண்டு நின்றிருக்கிறார்.

எல்லாக் காலங்களும் கூடும் இடத்தில் எல்லாம் துலங்கிவிடும் என்று கதைகள் சொல்கின்றன. மாங்காட்டில் எனக்கு எதுவும் துலங்கவில்லை. முடியாமல் போனவற்றை முடிந்ததாகப் பாவனை செய்யாமல் அப்படியே நிற்க விடும் இடம் அது என்று மட்டும் தெரிகிறது. தங்கை இப்போது வீட்டுக்கு வந்துபோகிறாள். அந்த நாளைப் பற்றி என்னிடம் ஒருமுறைகூடக் கேட்டதில்லை. மோதிரம் பீரோவில்தான் இருந்தது. சென்ற வாரம் எடுத்துக்கொண்டு போய்க் காட்டினேன். அளவைச் சற்றுப் பெரிதாக்கலாம், கொஞ்சம் தங்கம் சேர்க்க வேண்டியிருக்கும் என்றார் ஆசாரி. சேர்க்கச் சொல்லிவிட்டு வந்திருக்கிறேன்.