பாலைவனத்தில் கமரா பிடிக்கும் பெண்கள்

அல்ஜீரியாவின் தென்மேற்கு மூலையில் டின்டூவ் என்றொரு நகரம் உண்டு. அதன் சுற்றுப்புறப் பாலைவனத்தில் சஹ்ராவி மக்களின் ஐந்து அகதி முகாம்கள் இருக்கின்றன. கண்ணுக்கெட்டிய தூரம் கல்லும் மணலும்தான். கோடையில் வெப்பம் 50 பாகையைத் தாண்டும். தண்ணீர் பெரும்பாலும் பவுசரில் வரும். மா, பருப்பு, எண்ணெய், சீனி எல்லாம் நிவாரணப் பங்கீடு.

இவர்களது தாயகம் மேற்கு சஹாரா. 1975 இல் ஸ்பெயின் அங்கிருந்து விலக முடிவு செய்ததும் மொரோக்கோவும் மொரித்தானியாவும் உள்ளே புகுந்தன. மக்கள் கிழக்கு நோக்கி ஓடினார்கள். ஆண்கள் போர்முனைக்குப் போய்விட, கூடாரம் அடித்து, மண்கல் அரிந்து, பாடசாலைகளையும் மருத்துவ நிலையங்களையும் நடத்தியவர்கள் பெண்களே. விட்டு வந்த ஊர்களின் பெயர்களையே முகாம்களுக்கும் வைத்தார்கள்: ஸ்மாரா, லாயூன், டக்லா, அவ்செர்ட், பொஜடோர்.

1991 இல் யுத்தநிறுத்தம் வந்தபோது சர்வசன வாக்கெடுப்பு நடத்துவதாக வாக்களிக்கப்பட்டது. அது இன்னும் நடக்கவில்லை. 2020 நவம்பரில் யுத்தநிறுத்தமும் முறிந்தது. ஊருக்கும் முகாமுக்கும் இடையே சுமார் 2,700 கிலோமீற்றர் நீள மண் அணையும் கண்ணிவெடிகளும் கிடக்கின்றன.

இந்த மக்களைப் பற்றி வெளிநாட்டவர் பல விவரணப்படங்கள் எடுத்திருக்கிறார்கள். ஸ்பானிய நடிகர் ஹவியெர் பார்டெம் பங்கெடுத்த ‘மேகங்களின் புதல்வர்கள்’ 2012 இல் வெளிவந்து அவர்களது கதையை உலகறியச் செய்தது. அது பெரிய உதவிதான். ஆனாலும் வருகிறவர்கள் சில நாளில் திரும்பிவிடுவார்கள். நிவாரணப் பொதியோடு கமராவுக்கு முன்னால் நிறுத்தப்பட்ட அனுபவம் நம்மில் பலருக்கும் உண்டு. படம் எங்கே போனது, யார் பார்த்தார்கள் என்று நமக்கு யாரும் வந்து சொன்னதில்லை.

சஹ்ராவி முகாம்களில் இந்த நிலை கொஞ்சம் மாறியது. 2003 இல் ‘ஃபிசஹாரா’ என்ற திரைப்பட விழா அங்கே தொடங்கியது. திறந்த வெளியில் திரை கட்டி, இரவில் குடும்பம் குடும்பமாகத் தரையில் இருந்து படம் பார்த்தார்கள். முதற் பரிசு ஒரு வெள்ளை ஒட்டகம். விழா முடிந்த பிறகும் ஏதாவது மிஞ்ச வேண்டும் என்று, பின்னர் பொஜடோர் முகாமில் ஒரு திரைப்படப் பாடசாலையும் திறக்கப்பட்டது. முகாமிலே பிறந்த இளம் பெண்களும் ஆண்களும் அங்கே கமராவும் படத்தொகுப்பும் பழகுகிறார்கள்.

பாலைவனத்தில் படம் எடுப்பது லேசல்ல. மணற்காற்று அடித்தால் கமராவைத் துணியால் பொத்த வேண்டும். மதிய வெயிலில் வேலை செய்ய முடியாது. ஆனால் அந்தப் பிள்ளைகளுக்கு ஒரு வசதி உண்டு. கதவைத் தட்டினால் தெரிந்த முகம் என்று உள்ளே கூப்பிடுவார்கள். மூன்று குவளை தேநீர் குடித்து முடியும் வரை ஆறுதலாக இருந்து கதைக்கலாம். எதைக் காட்டலாம், எதைக் காட்டக் கூடாது என்று சொந்தப் பேத்தியிடம் கிழவி துணிந்து சொல்வாள்.

ஊரைக் கண்ணால் கண்ட அந்தத் தலைமுறை இன்று முதிர்ந்துவிட்டது. அவர்களது வீடு எந்தத் தெருவில் இருந்தது, எந்த வழியாக நடந்து வந்தார்கள் என்பதையெல்லாம் அவர்கள் வாயாலேயே பதிந்து வைக்க இன்னும் கொஞ்சக் காலமே இருக்கிறது. அந்த வேலையை வெளியாருக்காகக் காத்திராமல் முகாமின் பிள்ளைகளே கையில் எடுக்கலாம்.