கேட்காவுக்கு ஒரு பயணம்



புனேயிலிருந்து டவுண்டு செல்லும் பாசஞ்சர் ரயிலில் ஏறினால், லோணி, உருளி, யவத் நிலையங்களைக் கடந்து கேட்காவ் வரும். வழியில் கரும்பு வயல்கள். பிழைப்புக்காக இந்நகரத்தில் குடியேறிய நம் விசுவாசிகளில் அநேகர் அங்கே இறங்கியதேயில்லை. 1905-ம் ஆண்டு ஜூன் மாதம் முக்தி மிஷனில் பெண்கள் ஜெபித்தபோது உண்டான எழுப்புதலைப் பற்றிக் கேட்டிருப்பார்கள். அது இவ்வளவு அருகில் நடந்தது என்பதை அறியார்.

முக்தியை நிறுவிய பண்டித ரமாபாய் அம்மையார் கிராமத்து வேளாண்மை அறிந்தவர் அல்லர். சமஸ்கிருதத்தில் செய்யுள் இயற்ற வல்லவர். 1878-ல் கல்கத்தா அறிஞர்கள், இருபது வயதான அவருக்கு 'பண்டிதா', 'சரஸ்வதி' என்னும் பட்டங்களை அளித்தனர். 1883-ல் இங்கிலாந்தில் ஞானஸ்நானம் பெற்றார். பின்பு பம்பாயிலும் புனேயிலும் இளம் விதவைகளுக்காகச் சாரதா சதன் நடத்தினார். கேட்காவில் அவர் வாங்கியதோ சுமார் 100 ஏக்கர் வறண்ட நிலம். பழமரங்களின் வருமானம் சதனைத் தாங்கும் என்று எண்ணினார். 1896-97 பஞ்சம் அந்த எண்ணத்தை மாற்றிற்று. மத்திய மாகாணங்களிலிருந்து அவர் அழைத்துவந்த ஏறக்குறைய 300 பெண்களுக்கு அந்நிலமே வீடாயிற்று. அவருடைய பெற்றோர் பஞ்சத்தில் மாண்டவர்கள். ஆகவே பசித்த முகம் அவருக்குப் புதிதல்ல. கிணறும் ஏரும் மாட்டுத்தொழுவமுமே புதியவை.

ஆயினும் என் உள்ளத்தைத் தொட்டது வேறொன்று. அவர் எபிரெயமும் கிரேக்கமும் கற்று, முழு வேதாகமத்தையும் மராத்தியில் மொழிபெயர்த்தார். பண்டிதர் மெச்சும் சமஸ்கிருதச் சொற்களை அள்ளி வைக்க அவரால் முடியும். வைக்கவில்லை. அதிகம் படியாத கிராமத்துப் பெண்ணுக்கும் விளங்க வேண்டும் என்பதே அவருடைய அளவுகோல். முக்தியின் பெண்களே எழுத்துக் கோத்து அச்சிட்டார்கள். 1922 ஏப்ரல் 5-ல் அம்மையார் கர்த்தருக்குள் நித்திரையடைந்தார். வேதாகமம் 1924-ல் வெளியாயிற்று.

வேதாகமக் கல்லூரியில் பழகிய செந்தமிழில் பிரசங்கிப்பதில் எனக்குப் பெருமையுண்டு. இக்கட்டுரையே அதற்குச் சாட்சி. சென்ற ஆண்டு, கட்டட வேலைக்குச் செல்லும் சகோதரி ஒருவர் ஆராதனை முடிந்தபின், "ஐயா, நல்லா பேசுனீங்க. எனக்குத்தான் ஒண்ணும் விளங்கல" என்றார். குறை அவரிடத்தில் உள்ளது என்றே அன்று நினைத்தேன். முக்தி வளாகத்தில் நின்றபோது அந்த நினைவு என்னைக் குத்திற்று.

திரும்பும் ரயிலில் ஞாயிற்றுக்கிழமைக்கான குறிப்புகளை எடுத்தேன். முதல் பக்கத்திலேயே ஏழு சொற்களை அடித்தேன். எட்டாவது, எனக்கு மிகவும் பிரியமான சொல். ஹடப்சர் வரும்வரை அதை அடிக்க மனம் வரவில்லை.